எண் எழுத்தாகும்போது



கொழும்பிலிருந்து கண்டிக்குச் செல்லும் பெருஞ்சாலையிலே வரக்காப்பொல என்னும் ஊரை உங்களிற் பலர் அறிந்திருப்பீர்கள். எள்ளும் கருப்பட்டியும் சேர்த்துப் பிடித்த தலகுளியை வாங்குவதற்காகப் பிரயாணிகள் வண்டியை நிறுத்தும் ஊர் அது. அச்சாலையை விட்டு உள்ளே சென்றால் இறப்பர் மரங்களும், ஆங்காங்கே தேயிலையும், அவற்றினிடையே லயங்களும் தென்படும். அந்த லயங்களிலிருந்து வரும் பிள்ளைகள் கற்கும் அரசாங்கப் பாடசாலை ஒன்றுக்கு நான் அதிபராக இருக்கிறேன். நான் கற்றது கலைத்துறை. கணிதத்தோடு எனக்குள்ள உறவு, தூரத்து உறவினரோடு உள்ள உறவைப் போன்றது. மரியாதை உண்டு, நெருக்கம் இல்லை. அப்படிப்பட்ட நான் இன்று கணினிக்குள் எண்கள் இருக்கும் விதத்தைப் பற்றியும், அவை எழுத்தாகவும் தசமமாகவும் மாற்றப்படும் விதத்தைப் பற்றியும் பேச முன்வந்திருப்பதற்கு ஒரு காரணம் உண்டு.

சில காலத்துக்கு முன், எங்கள் உயர்தர வகுப்பு மாணவிகள் சிலருக்குக் கல்வி உதவிப்பணம் வழங்கப்படுவதாக இருந்தது. பிள்ளைகளின் பெயர், தேசிய அடையாள அட்டை எண், வங்கிக் கணக்கு ஆகியவற்றை நாங்கள் பட்டியலிட்டு அனுப்பினோம். வங்கிக்குப் போக வேண்டிய இறுதிப் பட்டியல் திரும்பி வந்தபோது, அதில் ஒரு மாணவியின் பெயர் இல்லை. ‘இருமுறை பதியப்பட்டதால் நீக்கப்பட்டது’ என்று ஒரு குறிப்பு மட்டும் இருந்தது. மறுநாட் காலையில் அப்பிள்ளையின் தாய், அரை நாள் வேலையை விட்டுவிட்டு, என் மேசைக்கு முன்னால் வந்து நின்றார். “சேர், எம்புள்ள பேர எதுக்கு வெட்டுனாங்க?” என்று கேட்டார். அவருக்குச் சொல்ல என்னிடம் விடை இருக்கவில்லை.

அந்த விடையைத் தேடிச் சென்றபோது நான் கற்றுக்கொண்டவற்றையே இப்போது உங்களோடு பகிர்ந்துகொள்கிறேன்.

பட்டியலை உற்றுப் பார்த்தபோது, அடையாள அட்டை எண் இருக்க வேண்டிய இடத்தில் விசித்திரமான ஒன்று காணப்பட்டது. இரண்டு தசம் பூச்சியம் பூச்சியம் ஆறு ஐந்து நான்கு. அதையடுத்து ‘ஈ’ என்னும் ஆங்கில எழுத்து. பிறகு சக பதினொன்று. கணித ஆசிரியரை அழைத்துக் கேட்டேன். “இது விஞ்ஞானமுறைக் குறிப்பீடு, சேர். 2.00654 என்பதைப் பத்தின் பதினோராம் வலுவால் பெருக்கு என்பது பொருள்” என்றார். பெருக்கினால் வருவது 200654 என்ற ஆறு இலக்கங்களும், அவற்றின் பின்னால் ஆறு பூச்சியங்களும். பன்னிரண்டு இலக்கங்களில் பின்பாதி முழுவதும் அழிந்துபோயிருந்தது.

இங்கே அடையாள எண்ணின் அமைப்பைச் சற்று நினைவுகூர வேண்டும். 2016ஆம் ஆண்டில் நடைமுறைக்கு வந்த புதிய எண்ணுக்குப் பன்னிரண்டு இலக்கங்கள். முதல் நான்கும் பிறந்த ஆண்டு. அடுத்த மூன்றும், பிறந்த நாள் அவ்வாண்டின் எத்தனையாவது நாள் என்பதைக் காட்டும்; பெண்களாயின் அதனோடு 500 கூட்டப்படும். எஞ்சிய ஐந்தும் தொடர் இலக்கமும் சரிபார்ப்பு இலக்கமும் ஆகும். விளக்கத்துக்காக ஆண்டையும் நாளையும் மாற்றிச் சொல்கிறேன். ஒரு மாணவி 2006ஆம் ஆண்டு பெப்ரவரி 6ஆம் திகதி பிறந்தவர் என்று கொள்வோம். அது ஆண்டின் 37ஆவது நாள். ஆகவே அவருடைய எண் 2006537 என்று தொடங்கும். மற்றவர் இரண்டு நாள் கழித்துப் பிறந்தவர். அவருடைய எண் 2006539 என்று தொடங்கும். இரண்டையும் ஆறு இலக்கங்களுக்கு மட்டந்தட்டினால், இரண்டும் 200654 என்றே ஆகிவிடும். இருவேறு தாய்மார் பெற்ற இரு பிள்ளைகள் ஏட்டில் ஒருவராகிவிட்டனர். ஒரே ஆள் இரண்டு முறை விண்ணப்பித்ததாகக் கணினி எண்ணி, ஒரு பெயரை நீக்கிவிட்டது. அதைச் செய்தவர் எவரும் தீய எண்ணத்தோடு செய்யவில்லை. பெயரைப் பார்க்காமல் எண்ணை மட்டும் பார்த்தார்கள். எண்ணோ எண்ணாக இருக்கவில்லை.

கணினி எண்களைச் சரியாகத்தானே வைத்திருக்கும், அது எப்படிப் பாதியை மறக்கும் என்று நீங்கள் கேட்கலாம். நானும் அப்படியே கேட்டேன். அதற்கு விடை காண, எண் அதனுள் எவ்வாறு உறைகிறது என்பதை முதலில் அறிய வேண்டும்.

நம் முன்னோர் திண்ணைப் பள்ளியிலே எண்சுவடி படித்தார்கள். முழு எண்ணுக்குக் கீழே உள்ள பின்னங்களுக்கு அவர்கள் அழகிய பெயர்களை வைத்திருந்தார்கள். ஒன்றில் பாதி அரை. அதில் பாதி கால். அதில் பாதி அரைக்கால். அதிலும் பாதி, அதாவது பதினாறில் ஒன்று, மாகாணி. அதனை வீசம் என்றும் சொல்வர். இது ஒரு வரிசை. ஒவ்வொரு படியிலும் பாதி பாதியாகக் குறைந்து செல்வது. இன்னொரு வரிசையும் உண்டு. இருபதில் ஒன்று மா; எண்பதில் ஒன்று காணி; முந்நூற்றிருபதில் ஒன்று முந்திரி.

கணினி இந்த முதல் வரிசையில் மட்டுமே வல்லது. அதற்குத் தெரிந்த இலக்கங்கள் பூச்சியமும் ஒன்றும் ஆகிய இரண்டே. அதனைத் துவித எண் முறை என்பர். ஒன்றுக்குக் கீழே சென்றால் அது அரை, கால், அரைக்கால், மாகாணி என்று பாதி பாதியாகவே இறங்கும். முக்கால் என்றால் அரையும் காலும். அதை அது பிழையின்றி வைத்துக்கொள்ளும். ஆனால் மா என்றாலோ, காணி என்றாலோ, முந்திரி என்றாலோ அது திணறிவிடும். ஏனெனில் அந்த மூன்றிலும் ஐந்து என்ற எண் ஒளிந்திருக்கிறது. பாதி பாதியாக எத்தனை முறை வெட்டினாலும் ஐந்தில் ஒரு பங்கு சரியாகக் கிடைக்காது.

நாம் அன்றாடம் எழுதும் பத்துச் சதமும் அப்படிப்பட்டதே. ரூபாவில் பத்தில் ஒன்று என்பதைத் துவித முறையில் எழுதத் தொடங்கினால் பூச்சியம் பூச்சியம் ஒன்று ஒன்று, பூச்சியம் பூச்சியம் ஒன்று ஒன்று என்று அது முடிவின்றிப் போய்க்கொண்டே இருக்கும். பத்தின் முறையில் மூன்றில் ஒன்றை எழுதினால் 0.333 என்று முடிவின்றிப் போகிறதல்லவா, அதைப் போல. முடிவில்லாததை முடிவுள்ள இடத்தில் வைக்க முடியாது. ஆகவே கணினி ஓரிடத்தில் நிறுத்திவிடுகிறது. 0.1 என்று நாம் கொடுத்தால், அது தன்னுள் வைப்பது ஒன்றுக்குப் பிறகு பதினாறு பூச்சியங்கள் கழித்து ஐந்து ஐந்து என்று தொடரும் ஓர் எண். பத்தில் ஒன்றை விட அணுவளவு பெரியது.

இப்படி எண்களை வைக்கும் முறைக்கு மிதவைப் புள்ளி முறை என்று பெயர். தசமப் புள்ளி ஓரிடத்தில் நிலைத்து நில்லாமல், எண்ணின் பருமனுக்கு ஏற்ப முன்னும் பின்னும் மிதந்து செல்வதால் அப்பெயர். வானியலார் கணக்கிடும் பெருந்தூரமும், இரசாயனவியலார் கணக்கிடும் அணுவின் விட்டமும் ஒரே அளவு இடத்தில் அடங்குவதற்காக ஏற்பட்ட அருமையான ஏற்பாடு இது. ஒவ்வொரு கணினி நிறுவனமும் தனக்கென ஒரு முறையைக் கையாண்ட காலமும் இருந்தது. வில்லியம் கஹான் என்ற கணிதப் பேராசிரியர் முன்னின்று உழைத்ததன் பயனாக, 1985ஆம் ஆண்டில் ஐ.ஈ.ஈ.ஈ. 754 என்னும் பொது நியமம் வகுக்கப்பட்டது. இன்று உங்கள் கைத்தொலைபேசியும் பெரும்பாலும் அந்த நியமத்தின்படியே கணக்கிடுகிறது.

அம்முறையில் இரட்டைத் துல்லிய எண் என்பது 64 இடங்களைக் கொண்டது. அதில் 52 இடங்கள் இலக்கங்களுக்கு உரியவை. அதன் பயனாக நம்முடைய பத்தின் முறையில் பதினைந்து இலக்கங்கள் வரை அது நம்பத்தக்கதாய் இருக்கும். முழு எண்களாயின், ஒன்பதாயிரம் இலட்சங் கோடிக்குச் சற்று மேல் வரை ஒன்றையும் விடாமல் காக்கும்.

நேயர்களே, இங்கேதான் எனக்கு வியப்பு உண்டாயிற்று. பதினைந்து இலக்கங்கள் காக்கக்கூடிய இடத்தில் பன்னிரண்டு இலக்க அடையாள எண் அழிவதேன்?

விடை இதுதான். அந்த எண் அழியவே இல்லை. கணினிக்குள் அது முழுதாகவே இருந்தது. உள்ளே இருக்கும் எண் வேறு. வெளியே எழுதிக் காட்டப்படும் எண் வேறு. உள்ளே இருப்பதை எழுத்தாக மாற்றும்போது எத்தனை இலக்கங்கள் எழுதுவது என்று யாரோ ஒருவர் தீர்மானிக்க வேண்டும். நாம் தீர்மானிக்காவிட்டால் இயந்திரம் தன் வழக்கப்படி தீர்மானித்துவிடும். பெரிதும் வழங்கும் ஒரு தரவுத்தள மென்பொருளிலே, மிதவை எண்ணை எழுத்தாக்கு என்று மட்டும் சொல்லி, வேறொன்றும் சொல்லாது விட்டால், ஆறு இலக்கங்களே வெளியே வரும். எண் பெரிதாயின் விஞ்ஞானமுறைக் குறிப்பீட்டில் வரும். எங்கள் பட்டியலில் நேர்ந்தது அதுவே.

தரவுத்தளம் என்ற சொல்லையும் விளக்கிவிடுகிறேன். நம்முடைய வரவு இடாப்பைப் போல நிரையும் நிரலுமாக விவரங்களைச் சேர்த்து வைக்கும் ஏற்பாடே அது. அதனிடம் ஒன்றைக் கேட்டுப் பெறுவதற்கு எழுதும் வாசகத்தை வினவல் என்பர். ‘இன்ன பாடசாலையைச் சேர்ந்தோரின் பெயரையும் எண்ணையும் தா’ என்பது ஒரு வினவல். ஒவ்வொரு நிரலுக்கும் ஒரு வகை குறிக்கப்பட்டிருக்கும். இது எழுத்து, இது முழு எண், இது தசம எண், இது மிதவை எண் என்று. நம் பட்டியலை ஏற்றியவேளை, இலக்கங்களாகவே இருந்த அடையாள எண்ணை மென்பொருள் மிதவை எண் என்று கொண்டுவிட்டது.

அந்த அலுவலகத்தில் ஓர் இளம் உத்தியோகத்தர் இருந்தார். நான் விடயத்தைச் சொன்னதும் அவர் ஒரு கணம் சிந்தித்து, வினவலில் ஒரே ஒரு திருத்தம் செய்தார். மிதவை எண்ணை நேராக எழுத்தாக்காமல், முதலில் பன்னிரண்டு இலக்கங்களும் பூச்சியம் தசமதானமும் கொண்ட தசம எண்ணாக மாற்று. அதன்பின் அதை எழுத்தாக்கு என்று கட்டளையை இரண்டு படியாக எழுதினார். ‘காஸ்ட்’ என்ற ஒரு கட்டளைச்சொல், ஒன்றனுள் ஒன்றாக இரண்டு முறை. அவ்வளவே. அடுத்த நொடியில் பன்னிரண்டு இலக்கங்களும் திரையில் வந்து நின்றன. ஒருவராயிருந்த இருவரும் மீண்டும் இருவராயினர்.

தசம எண் வகை ஏன் இதைச் செய்ய வல்லது? அது மிதப்பதில்லை. மொத்தம் எத்தனை இலக்கங்கள், அவற்றுள் புள்ளிக்குப் பின் எத்தனை என்பது முன்கூட்டியே சொல்லப்பட்டிருக்கும். பத்தின் முறையிலேயே அது இலக்கங்களைக் காக்கும். பத்துச் சதம் அங்கே பத்துச் சதமாகவே இருக்கும். வேகத்தில் அது மிதவைக்குச் சற்றுப் பிந்தியதாய் இருக்கலாம். நம்முடைய சம்பளப் பட்டியலுக்கு அந்த வேகம் ஒரு பொருட்டன்று.

ஆயினும் எல்லாச் சந்தர்ப்பத்திலும் இப்படி மீட்க முடியும் என்று எண்ணிவிடலாகாது. மிதவை முறையில் ஒற்றைத் துல்லியம் என்று சிறிய வகை ஒன்றும் உண்டு. அது ஏழு இலக்கங்கள் அளவுக்கே நம்பத்தக்கது. ஒரு கோடியே அறுபத்தேழு இலட்சத்து எழுபத்தேழாயிரத்து இருநூற்றுப் பதினாறுக்கு மேற்பட்ட எல்லா முழு எண்களையும் அதனால் பிரித்தறிய இயலாது. அடையாள எண் அந்த வகையில் சேமிக்கப்பட்டிருந்தால், எந்த வினவலாலும் அதை மீட்டிருக்க முடியாது. அதுபோலவே தொலைபேசி எண்ணின் முன்னால் நிற்கும் பூச்சியம். எண் என்று கொண்டவுடன் அது மறைந்துபோகும். பழைய அடையாள அட்டையின் ஈற்றில் ‘வீ’ என்ற எழுத்து இருந்தது. அதை எண் நிரல் ஏற்கவே மாட்டாது. இவற்றையெல்லாம் பார்க்கும்போது ஓர் உண்மை புலப்படும். அடையாள எண்ணும், தொலைபேசி எண்ணும், பரீட்சைச் சுட்டெண்ணும் எண்ணைப் போலத் தோன்றும் பெயர்களே அன்றி எண்கள் அல்ல. இரண்டு அடையாள எண்களை யாரும் கூட்டிப் பார்ப்பதில்லை. கூட்டவும் கழிக்கவும் படாத ஒன்றைத் தொடக்கத்திலேயே எழுத்தாக வைத்தல் வேண்டும்.

இனி, உண்மையாகவே எண்ணாக உள்ளவற்றைப் பார்ப்போம். பணம், நிறை, புள்ளி என்பன.

பத்துச் சதத்தைப் பத்து முறை கூட்டினால் ஒரு ரூபா. இது எங்கள் முதலாந்தரப் பிள்ளைக்கும் தெரியும். இரட்டைத் துல்லிய மிதவை எண்ணாகப் பூச்சியம் தசம் ஒன்றைப் பத்து முறை கூட்டச் சொன்னால் கணினி தருவது 0.9999999999999999. இதுவும் ஒன்றும் சமமா என்று கேட்டால், இல்லை என்று அது உண்மையே பேசும். 0.1ஐயும் 0.2ஐயும் கூட்டினால் 0.30000000000000004 என்று வரும். இத்தகைய எண்ணை அப்படியே பற்றுச்சீட்டில் அச்சிட்டால் பார்ப்பவர் மிரள்வார். ஊழியர் சேமலாப நிதிக்கு ஊழியரிடமிருந்து நூற்றுக்கு 8, தொழில்தருநரிடமிருந்து நூற்றுக்கு 12 என்று கணக்கிடுகிறார்கள். நூற்றில் எட்டும் நூற்றில் பன்னிரண்டும் துவித முறையில் முடிவற்றவையே. ஆகவே பணத்தைத் தசம வகையில் வைப்பதே முறை.

உள்ளிருக்கும் எண்ணைக் குறைந்த இலக்கங்களில், ஆனால் திரும்பப் படித்தால் அதே எண் கிடைக்கும்படி, எழுதுவது எப்படி என்பது அறிஞர்களையே நெடுங்காலம் வருத்திய வினா. பதினேழு இலக்கங்கள் எழுதினால் எந்த இரட்டைத் துல்லிய எண்ணையும் பிழையின்றி மீட்கலாம்; ஆனால் 0.1 அப்போது அருவருப்பான நீளத்தோடு வரும். கை ஸ்டீல், ஜோன் வைட் என்ற இருவர் 1990ஆம் ஆண்டில் இதற்கு ஒரு வழியை வெளியிட்டனர். 2018இல் உல்ஃப் ஆடம்ஸ் என்பவர் ‘ரியூ’ என்னும் விரைவான வழியைத் தந்தார். போஸ்கிரஸ் என்னும் தரவுத்தள மென்பொருள் 2019ஆம் ஆண்டில் வெளிவந்த தன் பன்னிரண்டாம் பதிப்பில் அந்த வழியைக் கைக்கொண்டது. எண்ணை எழுதிக் காட்டுவது சிறு வேலை என்று நினைக்கிறோம். அதற்கே இத்தனை ஆண்டுகள் ஆயின.

அடுத்தது மட்டந்தட்டல். 2.675 என்பதை இரண்டு தசமதானத்துக்கு மட்டந்தட்டு என்றால், பள்ளிக்கூட விதிப்படி 2.68. ஆனால் மிதவை முறையில் 2.675 என்று உள்ளே இருப்பது, 2.675க்கு மிக நுண்ணிய அளவு குறைந்தது. எனவே சில மென்பொருள்கள் 2.67 என்று எழுதும். வேறு சில, முதலில் பதினைந்து இலக்கங்களுக்குக் கொண்டுவந்து பின்னர் மட்டந்தட்டுவதால் 2.68 என்று எழுதும். ஒரே எண், ஒரே கேள்வி, இரண்டு விடை. இதனால் என்ன குடிமுழுகிப் போகிறது என்பீர்களா?

நம் நாட்டில் 2001ஆம் ஆண்டு முதல், பல்கலைக்கழக அனுமதி இசட் புள்ளியைக் கொண்டு தீர்மானிக்கப்படுகிறது. ஒரு பாடத்தில் மாணவர் பெற்ற புள்ளியிலிருந்து சராசரியைக் கழித்து, நியம விலகலால் வகுத்து, மூன்று பாடங்களுக்கும் அவ்வாறே கண்டு, அவற்றின் சராசரியை எடுப்பர். பெறுபேற்றுத் தாளில் அது நான்கு தசமதானங்களில் வரும். மாவட்டந்தோறும் வெளியிடப்படும் வெட்டுப்புள்ளியும் நான்கு தசமதானங்களிலேயே இருக்கும். கேகாலை மாவட்டத்துப் பிள்ளை ஒருவருக்கு நான்காவது தசமதானத்தில் ஒன்று கூடுவதும் குறைவதும், மருத்துவ பீடத்துக்கும் வீட்டுக்கும் இடையிலுள்ள தூரமாகிவிடலாம். பெறுபேறு வரும் நாளில் என் அறைக்கு முன்னால் நிற்கும் பிள்ளைகளின் முகத்தைப் பார்த்தவர், பத்தாயிரத்தில் ஒன்றைச் சிறிய எண் என்று சொல்லமாட்டார். இடையிலே மட்டந்தட்டாது, கணக்கெல்லாம் முடிந்த பின் ஒருமுறை மட்டும், முன்கூட்டி அறிவித்த விதியின்படி தட்டுவதே அங்கே நீதி.

இடையிலே வெட்டினால் என்ன நேரும் என்பதைத் தோட்டத்து மக்களுக்கு நான் விளக்க வேண்டியதில்லை. கொழுந்து மடுவத்தில் ஒரு நாளைக்கு மூன்று நிறுவை என்று வைத்துக்கொள்வோம். காலையில் 6.7 கிலோ, பகலில் 7.8, மாலையில் 5.9. மூன்றும் சேர்ந்து 20.4. ஒவ்வொரு நிறுவையிலும் புள்ளிக்குப் பின் உள்ளதை வெட்டிவிட்டால் 6, 7, 5, மொத்தம் 18. ஈற்றில் ஒருமுறை மட்டும் வெட்டினால் 20. தோட்டத்திலே ஒரு நாள் வேலையைப் ‘பேர்’ என்பார்கள். அன்றைய அளவு 20 கிலோ என்றிருந்தால், 20.4 கிலோ பறித்த பெண்ணுக்கு, வெட்டிய முறையினால் மட்டும், அரைப் பேர் விழும்.

இது மலைச்சாரலில் மட்டும் நிகழ்வதன்று. கனடாவின் வன்கூவர் நகரப் பங்குச் சந்தை, 1982ஆம் ஆண்டு சனவரியில் 1000 என்ற தொடக்கத்தோடு ஒரு விலைச் சுட்டெண்ணை ஏற்படுத்தியது. ஒவ்வொரு விற்பனையின் பின்பும் அதனைப் புதிதாகக் கணித்து, மூன்று தசமதானத்துக்குப் பிறகு உள்ளதை மட்டந்தட்டாமல் வெட்டிவிட்டார்கள். நாளொன்றுக்கு ஆயிரக்கணக்கான தடவை. சந்தை நன்றாக நடந்துகொண்டிருக்க, சுட்டெண் இறங்கிக்கொண்டே போயிற்று. 1983ஆம் ஆண்டு நவம்பரில் 524 அளவுக்கு வந்துவிட்டது. திருத்திக் கணித்தபோது அது 1098 அளவில் இருந்திருக்க வேண்டும் எனத் தெரிந்தது. ஆயிரத்தில் ஒன்றினும் சிறியதை வெட்டி வெட்டி, பாதியையே வெட்டிவிட்டார்கள்.

பத்தில் ஒன்றை வெட்டியதால் உயிரிழந்தோரும் உளர். 1991ஆம் ஆண்டு பெப்ரவரி 25ஆம் திகதி, சவூதி அரேபியாவின் தஹ்ரான் நகரில், பேட்ரியட் என்னும் எறிகணைத் தடுப்புக் கருவி தன்னை நோக்கி வந்த எறிகணையைத் தவறவிட்டது. அக்கருவியின் கடிகாரம் செக்கனில் பத்தில் ஒரு பங்காக நேரத்தை எண்ணியது. அந்தப் பத்தில் ஒன்றை 24 துவித இடங்களில் வெட்டி வைத்திருந்தார்கள். 100 மணி நேரம் ஓய்வின்றி இயங்கியதில், அந்த நுண்ணிய பிழை வளர்ந்து செக்கனில் மூன்றில் ஒரு பங்காயிற்று. 28 படைவீரர் மாண்டனர்.

நேயர்களே, நான் கற்றவற்றைச் சுருக்கிக் கூறுகிறேன். அலுவலகங்களில் பட்டியல் தயாரிக்கும் தம்பி தங்கைகள் இதனைக் கேட்டுக்கொண்டிருப்பார்களாயின், அவர்களுக்கு நான்கு வேண்டுகோள்கள். பெயராகப் பயன்படும் எண்ணை எழுத்தாகவே சேமியுங்கள். பணத்தைத் தசம வகையில் வையுங்கள். மிதவை எண்ணை எழுத்தாக்க நேர்ந்தால், எத்தனை இலக்கங்கள், எத்தனை தசமதானங்கள் என்பதை நீங்களே சொல்லுங்கள்; இயந்திரத்தின் வழக்கத்துக்கு விட்டுவிடாதீர்கள். மட்டந்தட்டுவதை ஈற்றில் ஒருமுறை செய்யுங்கள். எந்த விதிப்படி செய்தீர்கள் என்பதை எழுதி வையுங்கள்.

பெற்றோருக்கும் ஆசிரியர்களுக்கும் ஒரு வேண்டுகோள் உண்டு. கணினியிலிருந்து வந்த தாள் என்பதற்காக அதன்முன் வாய் மூடி நிற்க வேண்டாம். இலக்கத்தின் நடுவே ‘ஈ’ என்ற எழுத்தைக் கண்டால், ஈற்றிலே வரிசையாகப் பூச்சியங்களைக் கண்டால், முன்னின்ற பூச்சியம் மறைந்திருக்கக் கண்டால், கேளுங்கள். கேட்பது குற்றமன்று. கேட்டபடியால்தான் எங்கள் பட்டியல் திருந்தியது.

அந்தத் தாய்க்கு நான் துவித எண்ணையும் மிதவை எண்ணையும் விளக்கவில்லை. “உங்கள் மகளின் பெயர் அழியவில்லை அம்மா. உள்ளே முழுதாகத்தான் இருந்தது. எழுதினவர்கள்தான் பாதியில் நிறுத்திவிட்டார்கள்” என்று மட்டும் சொன்னேன். அவர் திருத்திய பட்டியலில் மகளின் பெயரை என்னைப் படிக்கச் சொன்னார். படித்தேன். அதற்கு நேரே இருந்த இலக்கங்களையும் படிக்கச் சொன்னார். பையிலிருந்து மகளின் அடையாள அட்டையை எடுத்துக் கையில் வைத்துக்கொண்டு, நான் சொல்லச் சொல்ல ஒவ்வோர் இலக்கத்தின் மேலும் விரலை வைத்துப் பார்த்தார். பன்னிரண்டும் சரியாக இருந்தன.